குதிரை இறங்கிய கரை, பாவா உறங்கும் காடு

புதுக்கோட்டை மாவட்டத்தில் இஸ்லாம் வந்த வழியைத் தேடிப் புறப்படுகிறவர் முதலில் ஒரு சிவன் கோயிலுக்குப் போக வேண்டும். அறந்தாங்கியிலிருந்து மீமிசல் செல்லும் சாலையில் இருக்கிறது ஆவுடையார்கோயில். பாடல் பெற்ற காலத்துப் பெயர் திருப்பெருந்துறை. வெயில் ஏறிய வேளையில் பேருந்திலிருந்து இறங்கி, செருப்பை விட்டுவிட்டு உள்ளே போனால், கல்லுக்குள் காத்துவைத்த குளிர்ச்சி முதலில் காலைத் தொடுகிறது. கருவறையில் லிங்கம் இல்லை. ஆவுடை மட்டும் உண்டு. இங்குள்ள இறைவன் ஆத்மநாதருக்குப் புழுங்கலரிசிச் சோற்றைக் கருங்கல் மேடையில் ஆவி பறக்கப் பரப்பிப் படைக்கிறார்கள். கூரையின் கொடுங்கையைப் பார்த்து நிற்பவர்கள் நேரம் மறந்துபோகிறார்கள். மரச்சட்டத்தில் கயிறு கட்டி ஆணி அடித்ததைப் போலவே கல்லில் செதுக்கிய அந்த வேலையை நம்புவதற்குத் தொட்டுப் பார்க்கத்தான் வேண்டும்.

என்னை நெடுநேரம் நிற்க வைத்தவை தூண்களில் செதுக்கிய குதிரைகள். இந்தக் கோயிலின் கதையே ஒரு குதிரை வியாபாரத்தில்தான் தொடங்குகிறது. பாண்டிய மன்னனின் அமைச்சர் வாதவூரர். கீழைக் கடற்கரையில் குதிரைகள் வந்து இறங்கியிருக்கின்றன என்று கேள்விப்பட்ட அரசன், கருவூலத்துப் பொன்னைக் கொடுத்து அவரை அனுப்புகிறான். வழியில் பெருந்துறையில் குருந்த மரத்தடியில் குருவைக் காண்கிறார். குதிரைக்கு வைத்திருந்த பொன் கோயிலுக்குப் போகிறது; அமைச்சர் மாணிக்கவாசகர் ஆகிறார். அரசன் குதிரையைக் கேட்டபோது சிவபெருமான் நரிகளைப் பரிகளாக்கி, தாமே குதிரை வணிகர் தலைவராக வேடம் பூண்டு மதுரைக்கு ஓட்டி வருகிறார். இரவானதும் பரிகள் மறுபடி நரிகளாகின்றன. மதுரையில் ஆவணி மூலத் திருவிழாவில் இன்றும் நடக்கும் லீலை இது.

மாணிக்கவாசகர் வாழ்ந்தது 9ஆம் நூற்றாண்டு என்பது பரவலான கருத்து. கதையைப் பக்தியோடு கேட்பவர்கள் கேட்கட்டும். வரலாற்றோடு கேட்பவருக்கும் அதில் சான்று இருக்கிறது. இந்தக் கரையில் குதிரைக் கப்பல்கள் வந்தன, பாண்டிய அரசு அவற்றுக்குப் பெரும் பொன் செலவிட்டது, குதிரை வணிகர் என்றால் எப்படி உடுத்துவார், எப்படிச் சவாரி செய்வார் என்பது ஊரறிந்த செய்தியாக இருந்தது. இதெல்லாம் இல்லாமல் அந்தக் கதை பிறந்திருக்காது. தாவும் குதிரையின் மீது அமர்ந்த இறைவனைச் சிற்பி செதுக்கினான் என்றால், அவன் கண்முன்னே கடல் கடந்து வந்த சவாரிக்காரர்கள் நடமாடியிருக்கிறார்கள். 15ஆம் நூற்றாண்டில் அருணகிரிநாதர், மயிலேறும் முருகனையே ராவுத்தனாகப் பாடினார். குதிரை வீரனின் மிடுக்கைக் கடவுளுக்குச் சூட்ட ஒரு முஸ்லிம் சமூகத்தின் பெயரே அவருக்குத் தோன்றியது. அதைக் கேட்டு யாரும் முகம் சுளிக்கவில்லை.

கோயில் வாசலில் பூக்கட்டிக்கொண்டிருந்த அம்மா ஒருவரிடம் குதிரைச் சிற்பங்களைப் பற்றிப் பேச்சுக் கொடுத்தேன். "சாமி குதிரை யாவாரியா வந்தாருல்ல, அதான்யா இம்புட்டுக் குதிரை" என்றார். கையில் சரம் நிற்காமல் ஓடிக்கொண்டிருந்தது. சாமி வணிகராக வந்ததில் அவருக்கு வியப்பு எதுவும் இல்லை. துறைக்குப் பக்கத்து ஊரில் வணிகர்கள் வருவது இயல்புதானே.

அந்த வணிகத்தின் கணக்கை இரண்டு வெளிநாட்டார் எழுதி வைத்திருக்கிறார்கள். 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தக் கடற்கரையைக் கண்ட வெனிஸ் வணிகர் மார்க்கோ போலோ, பாண்டிய உடன்பிறப்புகள் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு 2,000 குதிரைகளுக்கு மேல் வாங்கினார்கள் என்றும், ஆண்டு முடிவில் அவற்றில் 100கூட மிஞ்சவில்லை என்றும் எழுதினார். லாடம் அடிக்கவும் நோய் பார்க்கவும் தெரிந்தவர்கள் இங்கே இல்லை; வேகவைத்த சோறு குதிரைக்குத் தீனியானது; வெக்கையும் சேர்ந்து கொன்றது. குதிரை செத்தால்தான் அடுத்த கப்பலுக்கு வேலை என்பதால், வியாபாரிகள் குதிரை வைத்தியரை அனுப்பவே இல்லை என்றும் அவர் குற்றம் சாட்டுகிறார்.

பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாப் தரும் கணக்கு இன்னும் துல்லியமானது. பாரசீக வளைகுடாவின் கிஷ் தீவை ஆண்ட ஜமாலுத்தீன், ஆண்டுக்கு 1,400 குதிரைகளைப் பாண்டிய நாட்டுக்கு அனுப்ப ஒப்பந்தம் செய்திருந்தார். ஒரு குதிரையின் விலை 220 செம்பொன் தினார். கடலில் செத்த குதிரைக்கும் அரசன் விலை கொடுத்துவிட வேண்டும். ஜமாலுத்தீனின் தம்பி தகியுத்தீன் பாண்டியனின் அமைச்சராகவே இருந்தார். துறைமுகங்களின் நிர்வாகம் அவர் கையில் இருந்தது. இந்தப் பணம் எங்கிருந்து வந்தது என்பதையும் வஸ்ஸாப் சொல்கிறார்: அரசுக் கருவூலத்திலிருந்து எடுக்கவில்லையாம், கோயில் சொத்துகளின் வருவாயிலிருந்தும் கோயிலைச் சேர்ந்த பெண்களிடம் வாங்கிய வரியிலிருந்தும் கொடுத்தார்களாம்.

இதைப் படித்த கண்ணோடு திருப்பெருந்துறைக் கதைக்குத் திரும்பினால் மனம் ஒரு கணம் திகைக்கிறது. அங்கே குதிரைப் பணம் கோயிலுக்குப் போனது. இங்கே கோயில் பணம் குதிரைக்குப் போனது. புராணமும் வணிகக் கணக்கும் ஒரே பொன்னை இரு திசைகளில் ஓடவிடுகின்றன. அரசன், கோயில், அரபு வணிகர் மூவரும் ஒருவரையொருவர் சார்ந்து நின்ற பொருளாதாரம் அது. இஸ்லாம் தமிழகத்தின் இந்தப் பகுதிக்குள் நுழைந்த கதவு இதுதான். வந்தவர்கள் இந்த நாட்டுக்கு வேண்டிய பொருளோடு வந்தார்கள். நாட்டுக்காரர்கள் இடம் கொடுத்தார்கள்.

ஆவுடையார்கோயிலிலிருந்து மீமிசல் போய்ச் சேர்ந்தால் கிழக்குக் கடற்கரைச் சாலை. புதுக்கோட்டை என்றதும் வெளியூர்க்காரர்களுக்குச் செம்மண்ணும் பாறையும் முந்திரிக்காடும்தான் நினைவுக்கு வருகின்றன. இந்த மாவட்டத்துக்கு ஏறக்குறைய 40 கிலோமீட்டர் கடற்கரை உண்டு என்பது பலருக்குத் தெரியாது. தொண்டைமான் மன்னர்களின் புதுக்கோட்டை சமஸ்தானத்துக்குக் கடல் கிடையாது. 1974இல் திருச்சி, தஞ்சாவூர் மாவட்டங்களின் பகுதிகளைச் சேர்த்துப் புதிய மாவட்டம் அமைத்தபோது தஞ்சைப் பக்கத்திலிருந்து வந்ததுதான் இந்தக் கரை. கோபாலப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், கோட்டைப்பட்டினம், அம்மாபட்டினம், மணமேல்குடி என்று வடக்கே ஊர்கள் வரிசை கட்டுகின்றன. பட்டினம் என்று முடியும் ஊர்களில் பெரும்பாலானவற்றில் பள்ளிவாசலின் மினாரா தென்னைகளுக்கு மேலே தெரிகிறது.

மீமிசலுக்குத் தெற்கே, ராமநாதபுரம் மாவட்ட எல்லைக்குள், தொண்டிக்கு அருகில் தீர்த்தாண்டதானம் என்ற சிற்றூர். அங்குள்ள சிவன் கோயிலில் 1269ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. அஞ்சுவண்ணத்தார், மணிக்கிராமத்தார் உள்ளிட்ட வணிகக் குழுவினர் கூடிக் கோயிலுக்காக எடுத்த முடிவு அதில் பதிவாகியிருக்கிறது. அஞ்சுவண்ணம் மேற்காசியாவிலிருந்து வந்த வணிகர்களின் குழு. அந்த நூற்றாண்டில் அதில் முஸ்லிம்களே மிகுதி. கடல் கடந்து வந்தவர்கள் உள்ளூர் வணிகரோடு சேர்ந்து உட்கார்ந்து, துறையில் இறங்கும் சரக்கின் மீது ஒரு சிறு பங்கைச் சிவன் கோயிலுக்கு ஒதுக்கச் சம்மதித்திருக்கிறார்கள். அவர்களின் வணிகத்துக்குச் சாட்சி சொல்வது அந்தக் கோயில் சுவர்.

கோட்டைப்பட்டினத்தில் இறங்கினேன். விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக் கிடந்தன. வலை உதறும் கைகளில் எந்தச் சமயம் என்று பிரித்துச் சொல்ல முடியாது. பாக் நீரிணையில் எல்லை தாண்டியதாக இலங்கைக் கடற்படை பிடித்துச் செல்லும் மீனவர்களின் செய்தியில் இந்த ஊரும் ஜெகதாப்பட்டினமும் அடிக்கடி வருகின்றன. படகில் போனவர் திரும்பும்வரை கரையில் காத்திருக்கும் குடும்பங்களின் நேர்ச்சை, ஊரில் இருக்கும் ராவுத்தர் அப்பா தர்காவுக்கும் போகிறது. வெள்ளைச் சுவரும் பச்சைப் போர்வையும் ஊதுபத்தி மணமும் சூழ்ந்த அந்த இடத்தில், தலையில் முக்காடு போட்ட பெண்களும் நெற்றியில் குங்குமம் இட்ட பெண்களும் அருகருகே உட்கார்ந்திருந்தார்கள். கையில் சர்க்கரைப் பொட்டலமும் மல்லிகைச் சரமும். உள்ளே ஓதிக் கொடுத்த சர்க்கரையை வாங்கிய ஒரு பெண், பக்கத்திலிருந்த பிள்ளைகள் எல்லாருக்கும் ஒரு சிட்டிகை பகிர்ந்தார்.

தேநீர்க் கடையில் முதியவர் ஒருவர் பேச்சுத் துணையானார். தலையில் தொப்பி, தோளில் துண்டு. இளமையில் மலேசியாவில் கடை வேலை பார்த்தவர்.

"எங்க நன்னா காலத்துல கப்பலேறிப் போனாக. பினாங்குல இறங்கிட்டா அங்க நம்மூரு ஆளு ஒருத்தரு கண்டிப்பா இருப்பாரு. சோறு போட்டு வேலைக்குச் சொல்லிவிடுவாரு" என்றார்.

"நீங்க போனப்ப எப்படிங்க பாய்?"

"நான் போறப்ப பாஸ்போர்ட்டு, விசானு வந்துருச்சு தம்பி. ஆனா அந்தச் சோறு மட்டும் மாறல."

இந்த மக்கள் கடல் கடந்து வந்த வணிகத்தின் வழித்தோன்றல்கள் என்றால், அவர்களே பின்னர் கடல் கடந்து போனவர்களும் ஆனார்கள். கரையோர முஸ்லிம்களான மரைக்காயர்களில் பெரும்பாலோர் ஷாபி மத்ஹபை, அதாவது ஷாபி சட்ட மரபைப் பின்பற்றுகிறவர்கள். இந்தியப் பெருங்கடல் நெடுகிலும், தெற்கு அரபுக் கரையிலும் மலாய் நாட்டிலும் வழங்குவது அதுவே. குதிரைப் படையோடும் குதிரை வணிகத்தோடும் தங்கள் பெயரைப் பிணைத்துக்கொண்ட ராவுத்தர்களில் பெரும்பாலோர் ஹனபிகள்; துருக்கியும் ஆப்கானிஸ்தானமும் பின்பற்றுவது அது. ஒருவர் கடல்வழியையும் மற்றவர் நிலவழியையும் தொழுகை முறையிலேயே நினைவு வைத்திருக்கிறார்கள். இந்த மாவட்டத்தில் இரண்டு வழிகளும் ஒன்று சேர்ந்தன.

நிலவழியைப் பற்றி ஒரு சொல் சொல்ல வேண்டும். இந்துகுஷ் மலைநாட்டில், இன்றைய ஆப்கானிஸ்தானத்தில், அரபுப் படைகள் 7ஆம் நூற்றாண்டின் நடுவிலேயே ஹீராத்தை அடைந்துவிட்டன. காபூலைச் சபாரித் வம்சத்து யாகூப் பிடித்தது 870இல். மலை மடிப்புகளுக்குள் இருந்த காபிரிஸ்தான் தன் பழைய தெய்வங்களை மேலும் ஆயிரம் ஆண்டு வைத்திருந்தது. 1890களின் நடுவில் அமீர் அப்துர் ரஹ்மானின் படை அதை வென்ற பிறகே அது நூரிஸ்தான் ஆனது. பள்ளத்தாக்கு பள்ளத்தாக்காக, கணவாய் கணவாயாக, வாளும் வரியும் சூபிகளும் கலந்து 1,200 ஆண்டுகள் நடந்த வரலாறு அது. ஹீராத்துக்குக் கிழக்கே உள்ள சிஷ்த் என்ற சிற்றூரிலிருந்தே சிஷ்தி சூபி மரபு புறப்பட்டு அஜ்மீர் வந்தது. வட இந்திய அரசுகளுக்குக் குதிரைகளும் அந்தக் கணவாய்கள் வழியாகவே வந்தன. தெற்கே மலைக்குப் பதில் கடல், கணவாய்க்குப் பதில் பருவக்காற்று. காற்று திரும்பும்வரை வணிகர் கரையில் தங்கியாக வேண்டும். தங்கியவர் வீடு கட்டினார், மணம் முடித்தார், பிள்ளைகள் தமிழ் பேசினார்கள். படையெடுத்து வந்தவருக்குக் கோட்டை போதும். காற்றுக்குக் காத்திருந்தவருக்கு அண்டை வீட்டாரின் நட்பு வேண்டும். இந்தக் கரையில் இஸ்லாம் பரவிய விதத்தை இந்தக் காத்திருப்பே தீர்மானித்தது என்று நான் நினைக்கிறேன்.

அதற்காக வாள் இங்கே வரவே இல்லை என்று சொல்லிவிட முடியாது. 1311இல் டெல்லி சுல்தான் அலாவுத்தீன் கில்ஜியின் தளபதி மாலிக் காபூர் மதுரைவரை வந்தார். பாண்டிய உடன்பிறப்புகளின் சண்டை அவருக்கு வழி திறந்தது. அந்தப் படையெடுப்பை எழுதிய அமீர் குஸ்ரோ, எதிரணியில் தமிழக அரசனுக்காகப் போரிட்ட முஸ்லிம் வீரர்கள் இருந்ததைக் குறிப்பிடுகிறார். கலிமா சொல்லத் தெரிந்ததால் அவர்களை உயிரோடு விட்டார்களாம். டெல்லிப் படை இங்கே வருவதற்கு முன்பே முஸ்லிம்கள் இந்த மண்ணின் அரசனுக்கு உப்பிட்ட கடன் தீர்த்துக்கொண்டிருந்தார்கள் என்பதற்கு, எதிரிப் பக்கத்து எழுத்தாளரே தரும் வாக்குமூலம் இது.

1330களில் மதுரையில் டெல்லி சுல்தானின் ஆளுநராக இருந்த ஜலாலுத்தீன் அஹ்சன் ஷா தனி அரசை அறிவித்தார். மதுரை சுல்தான்களின் ஆட்சி ஏறக்குறைய 40 ஆண்டுகள். திருமயம் வட்டாரத்தில் ராங்கியம், பனையூர் ஆகிய ஊர்களில் இந்தச் சுல்தான்களின் காலத்துத் தமிழ்க் கல்வெட்டுகள் கிடைத்திருக்கின்றன. சுல்தானைச் சுரத்தான் என்று எழுதிய அந்தக் கற்கள், அரசு மாறினாலும் நாட்டார் தம் வழக்கப்படி கூடி, பேசி, கல்லில் வெட்டி வைத்ததைக் காட்டுகின்றன. ராங்கியம் போகும் சாலையில் இருபுறமும் பாறையும் புதரும் கண்மாய்களும். அங்கே நிற்கும்போது, மதுரை அரண்மனையில் நடந்த கொலைகளும் கவிழ்ப்புகளும் இந்தக் கண்மாய்க்கரைக்கு எப்படி வந்து சேர்ந்திருக்கும் என்று எண்ணிப் பார்த்தேன்.

அந்த ஆட்சியின் கொடுமையை உரக்கச் சொன்னவரும் ஒரு முஸ்லிமே. மொராக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதா 1340களில் இங்கே வந்தார். சுல்தான் கியாசுத்தீன் தம்கானி அவருக்குச் சகலை உறவு. இருவரும் அக்காள் தங்கையை மணந்தவர்கள். ஆனாலும் பெண்களையும் குழந்தைகளையும் கொன்ற சுல்தானின் செயலை அருவருப்போடு கண்டித்து எழுதினார். வேறெந்த அரசனும் செய்து தாம் பார்த்ததில்லை என்றார். உறவையும் சமயத்தையும் கடந்து உண்மையைச் சொன்ன அந்தத் துணிவுக்காகவே அவரை நான் மதிக்கிறேன். 1371 வாக்கில் விஜயநகர இளவரசன் குமார கம்பணன் மதுரையை வென்றபின் சுல்தான்களின் அரசு சுருங்கி மறைந்தது. இஸ்லாம் மறையவில்லை. வாளோடு மட்டும் வந்திருந்தால் வாளோடு போயிருக்கும். கரையில் வேர்விட்டவர்களுக்கு அந்த 40 ஆண்டுகள் முன்னும் பின்னும் நீண்ட வரலாற்றில் ஒரு குறுக்கீடு மட்டுமே.

பின்வந்த காலத்தில் அந்த வேர் எவ்வளவு ஆழமாக இறங்கியது என்பதைப் பார்க்க ஓர் அரசரின் பெயர் போதும். ராமநாதபுரத்தைக் கிழவன் சேதுபதி ஆண்டது 17ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும். தொண்டைமான் குலத்துக் காதலி நாச்சியாரை மணந்தவர் அவர். அவரது ஆதரவில்தான் அந்தக் குலத்தின் ரகுநாத ராய தொண்டைமான் 1686 வாக்கில் புதுக்கோட்டைச் சீமைக்கு அரசரானார். அதே சேதுபதியின் நெருங்கிய நண்பர் கீழக்கரை வணிகர் சீதக்காதி. செத்தும் கொடுத்தவர் என்று தமிழகம் இன்றும் வாழ்த்தும் அந்த வள்ளலின் ஆதரவில்தான் உமறுப் புலவர் நபிகள் நாயகத்தின் வாழ்வைத் தமிழ்க் காப்பியமாகப் பாடத் தொடங்கினார். 5,027 விருத்தங்கள் கொண்ட சீறாப்புராணம் அது. புதுக்கோட்டை அரசு பிறக்கவும் தமிழின் பெரிய இஸ்லாமியக் காப்பியம் பிறக்கவும் ஒரே அரசவையின் நிழல் உதவியிருக்கிறது. அடுத்த நூற்றாண்டின் இறுதியில் தொண்டிக்கு அருகே குணங்குடியில் பிறந்த மஸ்தான் சாகிபு, சித்தர் மொழியில் இறைக்காதலைப் பாடினார். அவர் பாடல்களைச் சைவ வீடுகளிலும் பாடினார்கள்.

திருமயம் கோட்டையைத் தாண்டி மதுரைச் சாலையில் போனால் காட்டுபாவா பள்ளிவாசல் வருகிறது. இந்தப் பயணத்தில் நான் மிகவும் விரும்பிய இடம் இதுவே. பெயரிலேயே காடு இருக்கிறது. இன்று நெடுஞ்சாலையோரம் வண்டிகள் நிற்கின்றன. ஒரு காலத்தில் இது வழிப்போக்கர்கள் அஞ்சி நடந்த வனாந்தரம். பாவா பக்ருத்தீன் என்ற இறைநேசர் இங்கே அடங்கியிருக்கிறார். நாகூர் ஆண்டவர் ஷாகுல் ஹமீதின் வழிவந்தவர் என்பது மரபு. கள்வரிடம் அகப்பட்ட வழிப்போக்கர்களைக் காக்கப் போராடி அந்தக் காட்டிலேயே உயிர் துறந்தார் என்று இங்குள்ளவர்கள் சொல்கிறார்கள். அவர் காத்தது எந்தச் சமயத்தாரை என்று கேட்டால், இந்துப் பெண்கள் என்றே விடை வருகிறது. வழிபட வருகிறவர்களிலும் இந்துக்கள் ஏராளம். ரபியுல் ஆகிர் மாதத்தில் நடக்கும் கந்தூரிக்கு, சந்தனக்கூடு காணச் சுற்றுவட்டாரமே திரள்கிறது.

நான் போன நாளில் கூட்டம் இல்லை. திருப்பத்தூர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு குடும்பம் கைக்குழந்தையோடு வந்திருந்தது. மொட்டை போட்ட தலையில் சந்தனம் காய்ந்துகொண்டிருந்தது. குழந்தையின் பாட்டியிடம் எத்தனை காலமாக வருகிறீர்கள் என்று கேட்டேன்.

"எங்க அப்பத்தா கையப் பிடிச்சிக்கிட்டு நான் வந்தேன். அப்பயெல்லாம் மாட்டு வண்டி. ராத்திரி இங்கனயே கட்டுச்சோத்தப் பிரிச்சுச் சாப்பிட்டுப் படுப்போம். காட்டுப்பாவா இருக்காருன்னு பயமே இருக்காது" என்றார்.

"உங்க குலசாமி?"

"அது அய்யனாரு. ஊருக்குள்ள அவரு காவலு, வழியில இவரு காவலு. ரெண்டு பேரும் பகச்சுக்கிட்டதில்லப்பா."

மரத்தூண்களும் கல்தளமும் கொண்ட அந்த வளாகத்தில் அந்த விடையைச் சுமந்துகொண்டு நடந்தேன். குதிரையும் படகும் இல்லாத உள்நாட்டு வறண்ட பூமியில் இஸ்லாம் எப்படி நம்பிக்கையைப் பெற்றது என்பதற்கு இதைவிட நேரான சான்று எனக்குக் கிடைக்கவில்லை. கடற்கரையில் அது நாணயமான வணிகமாக வந்தது. உள்நாட்டில் அது வழித்துணையாக வந்தது. சாலைக்குப் பாதுகாப்பு இல்லாத காலத்தில், தெரியாத பெண்களுக்காக ஒருவர் உயிரைக் கொடுத்தார் என்ற நினைவு, எந்தப் பிரசங்கத்தையும்விடத் தூரம் போகும். சமயம் மாறாதவர்களும் அவரைத் தங்கள் காவல் தெய்வங்களோடு சேர்த்து வணங்கினார்கள். மாறியவர்கள் மாறினார்கள். இரு சாராருக்கும் பாவா பொதுவானார்.

நாகூரின் கதையும் இதே போன்றது. உத்தரப் பிரதேசத்து மாணிக்கப்பூரில் பிறந்து குவாலியரில் பயின்ற ஷாகுல் ஹமீது, 16ஆம் நூற்றாண்டில் தஞ்சை நாயக்கர் ஆட்சியின்போது நாகூரில் தங்கினார். அவருடைய தர்காவின் மிக உயரமான மினாராவை 18ஆம் நூற்றாண்டில் கட்டிக் கொடுத்தவர் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப சிம்மர். நாகூரின் அருள் வழியாகவே காட்டுபாவாவின் புகழும் இங்கே பரவியது.

அரசியலிலும் அணிகள் சமய வழியே பிரிந்ததில்லை. 1750களின் தொடக்கத்தில் திருச்சிக் கோட்டையில் நவாப் முகமது அலி முற்றுகைக்குள் கிடந்தார். முற்றுகையிட்டவர் சந்தா சாகிப், பிரெஞ்சுக்காரர் துணையோடு. இருவரும் முஸ்லிம்கள். கோட்டைக்குள் இருந்தவர்களுக்கு அரிசியும் ஆடுமாடும் ஆட்களும் அனுப்பியவர் புதுக்கோட்டைத் தொண்டைமான். அந்த உணவு வராமல் போயிருந்தால் தென்னிந்திய வரலாறே வேறு திசையில் போயிருக்கும் என்று சொல்பவர்கள் உண்டு. 1795இல் இறந்த முகமது அலியின் உடலைப் பின்னர் திருச்சி நத்தர் வலி தர்காவில் அடக்கம் செய்தார்கள். சந்தா சாகிபின் உடலும் அங்கேயே இருக்கிறது. வாழ்நாளெல்லாம் போரிட்டவர்களை ஓர் இறைநேசரின் நிழல் ஒன்று சேர்த்தது.

புதுக்கோட்டை நகருக்குத் திரும்பியபோது மாலைத் தொழுகை முடிந்து பள்ளிவாசலிலிருந்து மக்கள் வெளியே வந்துகொண்டிருந்தார்கள். கடைத்தெருவில் விளக்குகள் எரிந்தன. பார்த்த இடங்களை வரிசைப்படுத்தி எண்ணும்போது ஒன்று தெளிவாகியது. குதிரை வணிகரின் உருவத்தைக் காத்து வைத்திருப்பது சைவக் கோயில். அஞ்சுவண்ணத்தாரின் கூட்டத்தைப் பதிவு செய்து வைத்திருப்பது சிவன் கோயில் சுவர். சுல்தான்களின் காலத்தை நினைவு வைத்திருப்பது கிராமத்து நாட்டார் வெட்டிய தமிழ்க் கல். காட்டுபாவாவின் வீரத்தைப் பேரனுக்குச் சொல்லிக் கொடுப்பது அய்யனாரைக் கும்பிடும் அப்பத்தா. இந்த மாவட்டத்து முஸ்லிம்களின் வரலாற்றில் பாதி அடுத்த வீட்டாரின் பாதுகாப்பில் இருக்கிறது. அவர்கள் இந்த மண்ணில் எப்படி வந்து கலந்தார்கள் என்பதற்கு இந்தப் பாதுகாப்பே ஆகப் பெரிய சாட்சி. அந்நியராகவே இருந்தவர்களின் நினைவை யாரும் தம் கோயில் தூணில் செதுக்கி வைப்பதில்லை.

அதனால்தான் எனக்கு ஒரு கவலையும் உண்டு. இன்று வரலாற்றைச் சமயவாரியாகப் பங்கு பிரிக்கும் குரல்கள் உரத்து ஒலிக்கின்றன. கோயிலின் கதையைக் கோயிலோடும் தர்காவின் கதையைத் தர்காவோடும் அடைத்துவிட்டால் இரண்டும் பாதியாகிவிடும். அரபுக் குதிரைகளை நீக்கிவிட்டு மாணிக்கவாசகரின் கதையைச் சொல்ல முடியாது. தொண்டைமான், சேதுபதிச் சீமைகளை நீக்கிவிட்டுத் தமிழ் முஸ்லிம்களின் கதையைச் சொல்ல முடியாது. ஆவுடையார்கோயில் தூணில் உளி பட்ட மூலை உடைந்தால் அது முஸ்லிம்களுக்கும் இழப்பு. காட்டுபாவாவின் கந்தூரிக்கு ஒரு கிராமம் வராமல் நின்றால் அது இந்துக்களுக்கும் இழப்பு.

புதுக்கோட்டைப் பள்ளி ஆசிரியர்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளைகளைச் சுற்றுலா அழைத்துப் போகும்போது சித்தன்னவாசலோடும் திருமயம் கோட்டையோடும் நின்றுவிட வேண்டாம். காலையில் ஆவுடையார்கோயில் குதிரைகளைக் காட்டுங்கள். அவை எங்கிருந்து, யாரோடு, என்ன விலைக்கு வந்தன என்று சொல்லுங்கள். பிற்பகலில் கோட்டைப்பட்டினத்துக் கரையில் நிறுத்தி, கடலின் மறுகரை எது என்று கேளுங்கள். திரும்பும் வழியில் காட்டுபாவா பள்ளிவாசலில் இறக்கி, அங்கே யார் யார் வருகிறார்கள் என்று அவர்களையே பார்க்கச் சொல்லுங்கள். மூன்று இடங்களையும் ஒரே நாளில் பார்த்த பிள்ளையிடம் பின்னால் யார் வந்து இந்த மண்ணின் வரலாறு ஒருவருக்கே சொந்தம் என்று சொன்னாலும், அது நம்பாது.